திபெத்திய மலைநாடும் மோட்டார் யாத்திரையும்

தன் வண்டியைத் தானே ஓட்டிக்கொண்டு நெடுந்தூரம் யாத்திரை செய்தல் இக்காலத்து இளைஞர் பலருடைய உள்ளத்தைக் கவர்ந்துள்ளது. அவ்வகை யாத்திரைகளுள்ளும் தலைசிறந்ததென அவர் மதிப்பது, இமயமலையின் மறுபுறத்தே திபெத்திய மொழியினம் வழங்கும் உயர்ந்த மலைநாடுகளின் ஊடே செல்வதேயாம். ஸ்பிதி, லடாக், சாங்தாங் என்னும் பெயர்கள் நம் மாணவர் விடுதிகளிலே குற்றாலம், கொடைக்கானல் என்பவற்றைப்போல எளிதாய் வழங்குகின்றன. கோடை விடுமுறை அணுகுந்தோறும் எந்தக் கணவாய் எத்தனை அடி உயரம், எந்த வண்டி அதனை ஏறவல்லது என்னும் வாதம் உணவுக்கூடத்திற் பெரிதாய் எழுகின்றது. இவ்விருப்பம் தகுமோ தகாதோ என்பதுபற்றிச் சில கூற எண்ணுகின்றேன்.

படிப்போர் பொறுமையைச் சோதியாமல் என் கருத்தை முன்னரே வைத்துவிடுகிறேன். லே நகர்வரை நம் வண்டியை நாமே ஓட்டிச் செல்லலாம். ஆகாயவிமானத்திற் சென்று இறங்குவதினும் அதுவே சிறந்தது. லேக்கு அப்பால், இடையர் மந்தை மேய்க்கும் சாங்தாங் மேட்டுநிலத்திற்குச் செல்லவேண்டின், நம் வண்டியை லேயிலேயே நிறுத்திவிட்டு, அந்நாட்டார் வண்டியில், அந்நாட்டார் ஓட்ட, நாம் அமர்ந்து செல்லுதலே முறை. இதன் பிற்பாதியைக் கேட்டவுடன் நண்பர் பலர் முகஞ்சுளிப்பர் என்பதை அறிவேன். எனினும் காரணங்களைக் கேட்டபின் சுளிப்பாராக.

முதலில் அந்நாட்டைப்பற்றி ஒருசில. லடாக்கியரையும் ஸ்பிதியாரையும் திபெத்தியர் என்றே நம்மவர் பொதுவாய்க் கூறுவர். இது முழுதும் பொருந்தாது. கி.பி. பத்தாம் நூற்றாண்டில் மேற்றிபெத்திலிருந்து வந்த அரசகுலத்தாரால் லடாக்கில் அரசு நிறுவப்பெற்றது மெய்யே. அவர்தம் மொழியும் திபெத்திய மொழிக்கு உடன்பிறந்ததே, எழுத்தும் அதுவே. ஆயினும் 1834-ஆம் ஆண்டில் ஜம்முவின் படைத்தலைவன் ஜோராவர் சிங் படையெடுக்குங்காறும் லடாக் தனியரசாய் விளங்கிற்று. அந்நாட்டு மக்களுள் ஏறத்தாழப் பாதிப்பேர் முஸ்லிம்கள். உண்மையில் திபெத்தினின்று வந்த அகதிகளும் அங்குளர். 1959-ஆம் ஆண்டிற்குப்பின் எல்லை கடந்துவந்த அவர் லே நகரை அடுத்த சோக்லம்சரிலும், மந்தைகளோடு சாங்தாங்கிலும் குடியேறினர். ஆகவே அங்குச் சென்று எதிர்ப்பட்டவரையெல்லாம் நீர் திபெத்தியரோ என வினவுவது, தஞ்சாவூரானைக் கண்டு நீர் மலையாளியோ என்பது போலாம்.

இனி, மோட்டாரிற் செல்லுதல் விமானத்தினும் ஏன் நன்று? உடலே இதற்கு விடை கூறும். டில்லியில் விமானமேறியவன் ஒன்றரை மணி நேரத்தில் லேயில் இறங்குகின்றான். கடல்மட்டத்தை அடுத்த ஊரினின்று 11,500 அடி உயரத்திற்கு ஒரே மூச்சில் தூக்கியெறியப்பட்ட அவனுடைய உடல், அங்குள்ள மெல்லிய காற்றிற்குப் பழகுமுன்னரே, அவன் புகைப்படக் கருவியைத் தூக்கிக்கொண்டு அரண்மனைப் படியேறுகின்றான். மாலையில் தலைவலி, வாந்தி, உறக்கமின்மை. 16,000 அடிக்குமேலோ கடல்மட்டத்திற் கிடைக்கும் பிராணவாயுவில் ஏறக்குறையப் பாதியே ஒவ்வொரு மூச்சிலும் கிடைக்கும். நோய் முற்றின் நுரையீரலிலோ மூளையிலோ நீர் கோத்து உயிர்க்கே கேடு விளையும். அப்போது தாழ்ந்த இடத்திற்கு உடனே இறங்குவதே முதன்மையான மருந்து. 10,000 அடிக்கு மேற்பட்டபின் நாளொன்றுக்கு 1,600 அடிக்கு மிகாமல் உறங்குமிடத்தை உயர்த்துக, மூன்று நான்கு நாட்களுக்கொருமுறை ஏறாது ஒருநாள் தங்குக என்று மலைமருத்துவர் கூறுவர். இவ்விதியை மெய்யாகவே கைக்கொள்ளத் தக்கவன் சாலை வழியே செல்பவன் ஒருவனே. தலை கனத்தால் நிற்கலாம். மேலும் கனத்தால் வண்டியைத் திருப்பலாம். விமானத்திற்கு அவ்வசதி ஏது?

அந்நாட்டு மக்களுக்கு மட்டும் இத்துன்பம் ஏன் இல்லை என்பது நெடுங்காலம் வியப்பாயிருந்தது. உயரத்திற் சென்ற நம் குருதி சிவப்பணுக்களைப் பெருக்கித் தடித்துவிடும். திபெத்திய இனத்தார் குருதியோ அவ்வளவாய்த் தடிப்பதில்லை. இதற்குக் காரணமான மரபணுக்கூறு ஒன்றை அறிஞர் 2010-ஆம் ஆண்டில் எடுத்துக்காட்டினர். அது டெனிசோவர் என்னும் மறைந்தொழிந்த பழைய மனித இனத்தாரிடமிருந்து வந்த சீதனம் என்பது 2014-இல் தெளிவாயிற்று. பல்லாயிரம் ஆண்டுகளில் உடல் கற்ற பாடத்தை நாம் ஒரு மாத்திரையை விழுங்கி இரண்டு நாளிற் கற்றுவிட முயல்கின்றோம்.

வண்டியிற் செல்வோர்க்கும் வழி ஒன்றன்று. மணாலியினின்று லேக்குச் செல்லும் சாலை பெரும்பாலோர் விரும்புவது. ஏறக்குறைய 430 கிலோமீட்டர். 2020-ஆம் ஆண்டு அக்டோபர் மாதத்தில் ரோத்தாங் கணவாயின் அடியிலே 9 கிலோமீட்டர் நீளமுள்ள சுரங்கவழி திறக்கப்பெற்றபின், முன்னர் அரைநாள் கொண்ட தூரம் சில நிமிடங்களிற் கழிகின்றது. சௌகரியந்தான்; ஆனால் அச்சௌகரியமே பலரை நோயில் வீழ்த்துகின்றது. காலையில் 6,700 அடியிலுள்ள மணாலியிற் புறப்பட்டவர் மாலையில் 14,000 அடியிலுள்ள சர்ச்சுவிற் கூடாரத்திற் படுக்கின்றனர். இரவெல்லாம் தலையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்து, மறுநாள் 17,000 அடிக்கு மேற்பட்ட தங்லாங் லாவைக் கடக்கின்றனர். அவர் எழுதும் யாத்திரைக் குறிப்புக்களில் இயற்கை வருணனை குன்றி மருந்துப்பெயர் மிகுதியாயிருப்பதன் காரணம் இதுவே.

என்னைக் கேட்பின் சிம்லாவினின்று சட்லெஜ் ஆற்றோரமாய்க் கின்னௌர் வழியே ஸ்பிதிக்கு ஏறுதலே தக்கது என்பேன். டல்ஹௌசி பிரபு காலத்தில், 1850-ஆம் ஆண்டளவில் தொடங்கப்பெற்ற ஹிந்துஸ்தான் திபெத்துச் சாலை என்னும் பழைய பாதை இதுவே. ஆப்பிள் தோட்டங்களும் தேவதாரு மரங்களும் மெல்ல மெல்லக் குறைந்து, மழை மறைந்து, மரம் மறைந்து, மலை எலும்பாய் நிற்கும் நாட்டிற்குள் நாம் நாள்தோறும் சிறிது சிறிதாய்ப் புகுகின்றோம். கல்பாவில் இந்துக் கோயிலும் பௌத்த விகாரமும் அடுத்தடுத்து நிற்கும். நாக்கோவிற்கு வந்தால் மணிக்கற்சுவர்கள் தோன்றும். தாபோ என்னும் ஊரிற் கி.பி. 996-ஆம் ஆண்டில் எடுத்த விகாரம் இன்றும் வழிபாட்டில் உள்ளது. வெளியே பார்த்தால் வெறும் மண்சுவர். உள்ளே விளக்கொளியில் ஆயிரமாண்டு பழமையான ஓவியங்கள். 1975-ஆம் ஆண்டு ஜனவரி மாதத்து நிலநடுக்கத்தில் அவ்விகாரம் ஊறுபட்டும் விழவில்லை. தஞ்சைப் பெரிய கோயிலுக்குச் சற்று முற்பட்டதாகிய மண் கட்டடம் ஒன்று பனியிலும் காற்றிலும் நிற்பதைக் காண்பவர், கருங்கல்லின் மேல் நமக்குள்ள அளவிறந்த நம்பிக்கையைச் சிறிது ஆராயவேண்டுவர்.

தாபோவினின்று காஜா, காஜாவினின்று குன்சும் கணவாய் ஏறி இறங்கினால் சந்திரா நதிக்கரை. இப்பகுதிச் சாலை சாலையென்னும் பெயர்க்குரியதன்று; உருளைக்கற்களின்மேல் ஓடை பாயும். அதனை நண்பகலிற்குமுன் கடப்பதே அறிவுடைமை. வெயில் ஏற ஏறப் பனியுருகி ஓடை பெருகும். பின்னர்ச் சந்திராவும் பாகாவும் கூடுமிடமாகிய தாண்டியை அடைகின்றோம். அடுத்த பெட்ரோல் நிலையம் 365 கிலோமீட்டருக்கு அப்பால் என்று அறிவித்து அங்கு நெடுங்காலம் நின்ற பலகை யாத்திரிகரிடையே பேர்போனது. நம் ஊரிலே மூலைக்கு மூலை பெட்ரோல் கிடைக்கக் கண்டவர்க்கு அப்பலகை ஒரு நல்லாசிரியன்.

தாண்டியை அடுத்தது கேலாங். நம் போன்ற கல்லூரியிற் பயில்வோர் இவ்வூரில் ஒருநாளேனும் தங்கவேண்டும் என்பேன். மொரேவிய சபையைச் சேர்ந்த ஹைடே, பாகெல் என்னும் இருவர் மங்கோலிய நாட்டிற்குச் செல்லும் எண்ணத்துடன் ஜெர்மனியினின்று புறப்பட்டு, வழியடைக்கப்பெற்று, திபெத்திற்குள்ளும் புகவொண்ணாமல், 1856-ஆம் ஆண்டளவில் இவ்வூரிலே வீடு கட்டித் தங்கினர். போகவிரும்பிய நாட்டின் வாயிலிலேயே வாழ்நாள் கழிந்தது. அடுத்த ஆண்டில் வந்த யேஷ்கே என்னும் மொழிப்புலவர் மக்களோடிருந்து அவர் பேச்சைக் கற்றார். அவர் தொகுத்த திபெத்திய ஆங்கில அகராதி 1881-ஆம் ஆண்டில் வெளிவந்தது. இன்றும் அறிஞர் அதனைக் கையாளுகின்றனர். ஹைடே அம்மையார் லாஹுல் பெண்டிர்க்குக் காலுறை பின்னக் கற்பித்தார். அப்பின்னல்வேலை இன்றும் அந்நாட்டார்க்கு வருவாய் தருவதாம். 1885-இல் லேயிலும் இச்சபையார் நிலைகொண்டனர். அங்கே பணியாற்றி 1891-இல் மாண்ட மருத்துவர் ஒருவர்க்குக் கார்ல் மார்க்ஸ் என்று பெயர். பெயரொற்றுமை யன்றிப் பிறிதொன்றுமில்லை. 1904-ஆம் ஆண்டில் பிராங்கே என்பவர் லேயில் நடத்திய செய்தித்தாள் திபெத்திய மொழியில் முதன்முதல் தோன்றியவற்றுள் ஒன்று. திருமறை முழுதும் திபெத்திய மொழியில் வெளிவந்தது 1948-இல். அப்பணியை நிறைவேற்றியவர் லடாக்கியரான யோசேபு கெர்கன்.

இதே மொரேவிய சபையார் 1760-ஆம் ஆண்டில் நம் தரங்கம்பாடிக்கும் வந்தவரென்பது நம்மவர் பலர் அறியாதது. தரங்கம்பாடியில் வெப்பமும் நோயும் அவரை வாட்டின, கேலாங்கில் பனி. இரண்டிடத்தும் மதம் மாறியவர் தொகை மிகச் சிறிது. அம்முயற்சி தகுமா என்பது வேறு வாதம். அதனை இங்கே தொடேன். நான் கூறவந்தது ஒன்றே: புகமுடியாத நாட்டின் வாயிலில் அமர்ந்து ஒரு மொழியைக் கற்க அவருக்கு முப்பதாண்டு பொறுமை இருந்தது. அவர் வீடுகட்டியிருந்த ஊரை நாம் இப்போது தேநீர் குடிக்கக் கால்மணி நேரம் நிறுத்துமிடமாகக் கொண்டுள்ளோம்.

லேக்கு வந்து சேர்ந்துவிட்டோம் என்க. இதுவரை நாம் வந்த வழி பெருஞ்சாலை. இராணுவ லாரிகளும் சரக்கு வண்டிகளும் பேருந்துகளும் நாள்தோறும் ஓடுவது. நம் ஒருவண்டி மிகுவதால் அதற்கு ஒன்றும் வந்துவிடாது. அச்சாலையை வகுத்துக் காப்பது 1960-ஆம் ஆண்டில் அமைந்த எல்லைச்சாலைக் கழகம். அதன் கீழே கல்லுடைத்துத் தார் காய்ச்சுவோருள் மிகப்பலர் ஜார்க்கண்டு, பீகார் முதலிய சமவெளி நாட்டு ஏழைகள். நம்மைப்போலவே உயரத்திற்குப் பழகாத உடலினர். நாம் ஒருமணி நேரத்திற் கடந்துபோகும் கணவாயிலே அவர் கோடை முழுதும் கூடாரத்திற் கிடக்கின்றனர். தன் வண்டி, தன் திறமை, தன் சுதந்தரம் என்று பேசுவோர் அவர் முகத்தைக் கண்ணாடி வழியே ஒருகணம் நோக்கின் பேச்சுச் சற்றுத் தணியும்.

லேக்கு அப்பால் தென்கிழக்கே விரிவது சாங்தாங். 14,000 அடிக்கு மேற்பட்ட மேட்டுநிலம். குளிர்காலத்தில் சுழியத்திற்குக் கீழ் 30 டிகிரிவரை குளிர் இறங்கும். சோறு வேகாது, நீர் 85 டிகிரியிலேயே கொதித்துவிடும். வறுத்த வாற்கோதுமை மாவும் வெண்ணெய்த் தேநீரும் அங்கு உணவாயமைந்தது நாச்சுவைக்காக மட்டுமன்று. இங்கே சாங்பா என்னும் இடையர் ஆடுகளையும் யாக்குகளையும் ஓட்டிக்கொண்டு, ஆண்டில் பலமுறை கூடாரம் பெயர்த்து வாழ்கின்றனர். ரூப்ஷு, கோர்சோக், கர்னாக் என மூன்று கூட்டத்தார் லடாக்குப் பகுதியில் முதன்மையானவர். அவருடைய வெள்ளாட்டின் அடிமயிரே பஷ்மீனா. காச்மீரத்துச் சால்வைக்கு உயிர் அதுவே. இம்மயிருக்காக அரசர் போர் செய்திருக்கின்றனர். 1684-ஆம் ஆண்டு உடன்படிக்கையில் இதன் வாணிபவுரிமை தனியே பேசப்பட்டது. குளிர் கடுமையாயிருந்தாலன்றி அம்மயிர் நன்கு வளராது. ஆகவே குளிரே அவருடைய முதற்பொருள்.

இவ்வாழ்க்கை இப்போது தளர்ந்துவருகின்றது. 1962-ஆம் ஆண்டுப் போருக்குப்பின் எல்லை அடைபட்டுத் திபெத்திய வாணிபம் நின்றது. அகதிகளாய் வந்தோர் மந்தைகளுக்கும் புல் வேண்டியிருந்தது. பிள்ளைகள் பள்ளிக்குப் போயினர். பூகாவில் இடையர் பிள்ளைகளுக்கென்றே விடுதிப்பள்ளி ஒன்றுளது. படித்த பிள்ளை மந்தைக்குத் திரும்புவது அரிது. கர்னாக்குக் கூட்டத்தாருள் மிகப்பல குடும்பங்கள் மந்தையை விற்றுவிட்டு லே அருகே குடியேறின. அவ்விடத்திற்குக் கர்னாக்லிங் என்றே பெயர். விட்டுவந்த நாட்டின் பெயரைப் புதுக்குடியிருப்புக்கு இட்டுக்கொள்வோர் எதனை மறக்கமாட்டாதவர் என்பது சொல்லாமலே விளங்கும். அவருள் இளைஞர் பிழைப்புக்குக் கைக்கொண்ட தொழில்களுள் வாடகை வண்டி ஓட்டுதல் ஒன்று. என் வாதம் முழுவதும் இந்த ஒன்றைப் பற்றியே நிற்கின்றது.

சாலை வந்ததாற்றான் இவர் வாழ்வு கெட்டது என்று சொல்லேன். நகரத்தில் நாற்காலியில் அமர்ந்து, பழமை அழிகின்றதே என்று கண்ணீர் வடிப்பது எளிது. நள்ளிரவிற் பிள்ளைப்பேற்று வலியில் துடிக்கும் மனைவியை யாக்கின்மேல் ஏற்றிக் கொண்டுபோன கிழவனைக் கேட்டால் சாலை நன்றென்பான். சாலை முதலில் அவர்க்கு; பின்னர்ப் படைவீரர்க்கு; நமக்கு மூன்றாவதே. மூன்றாமிடத்தான் முதலிடத்தானைப்போல நடந்துகொள்வதே குறை.

நடந்துகொள்ளும் வகையைக் கேளுங்கள். ட்சோ கார், ட்சோ மோரிரி என்னும் ஏரிகளின் ஓரத்தே ஈரப் புல்வெளிகள் உள்ளன. கருங்கழுத்துக் கொக்கு அங்கே கூடுகட்டும். இதுவே லடாக்கின் அரசுப் பறவை. உலகச் சிறப்புடைய நீர்நிலங்களின் ராம்சார் பட்டியலில் முன்னது 2020-இலும் பின்னது 2002-இலும் சேர்ந்தன. அப்புல் ஆண்டில் மூன்று திங்களே வளர்வது. அதன்மேல் ஒருமுறை ஓடிய வண்டித்தடம் பல்லாண்டு அழியாது. தண்ணீருக்கு அருகில் படமெடுக்கவேண்டும் என்னும் ஆசையால் சாலையை விட்டிறங்கும் வண்டி, ஓர் ஆட்டுமந்தையின் தீனியைக் கெடுக்கின்றது. ஓட்டுபவனுக்கு அது வெற்று நிலமாய்த் தோன்றுகின்றது, ஏனெனில் வேலி இல்லை, வரப்பு இல்லை. நம் நாட்டில் நெல்வயலுக்குள் மோட்டாரை இறக்குபவனை ஊரார் என்செய்வர் என்பதை எண்ணிப்பார்க்க. 2022-ஆம் ஆண்டில் பாங்கோங் ஏரியின் நீருக்குள்ளேயே காரை ஓட்டிக் களித்தவர் படத்தை நாடே கண்டது. சட்டம், தண்டம் எல்லாம் உள. ஆனால் நூறு கிலோமீட்டருக்கு ஒரு காவலரைக் காணாத நாட்டிற் சட்டம் என்செய்யும்? அந்நாட்டு ஓட்டுநனோ எது மேய்ச்சல், எது பாதை, எந்த ஓடையின் பனிக்கட்டி தாங்கும், எது தாங்காது என்பதைத் தன் தந்தையிடம் கற்றவன். அவன் தன் மாமன் புல்லின்மேல் ஓட்டமாட்டான்.

உயரப்போட்டி மற்றொரு நோய். 2021-ஆம் ஆண்டில் 19,024 அடி உயரத்தில் உம்லிங் லாவின்மீது மோட்டார்ச்சாலை முடிந்து உலகப்புகழ் பெற்றது. எல்லைக்காவலுக்கென அமைந்தது அது. பொறிவல்லார் செய்த அருஞ்செயலே. அன்றுதொட்டு நம் யாத்திரிகர் பலர்க்கு லடாக்கு என்பது உம்லிங் லாப் பலகையின் அருகில் நின்று எடுத்துக்கொண்ட ஒரு படமாய்ச் சுருங்கிவிட்டது. அப்பலகையை எட்டுதற்பொருட்டு எத்தனை சிற்றூரைத் திரும்பிப்பாராது கடந்தனர் என்று கேட்டால் பெயர்கூடச் சொல்ல அறியார். மணிக்கற்சுவரையும் சோர்ட்டனையும் வலப்புறமாக வைத்துச் செல்லவேண்டுமென்பது அந்நாட்டு மரபு; அதற்கெனவே பல ஊர்களிற் பாதை இருகூறாய்ப் பிரிந்து செல்லும். அவசரக்காரர்க்கு அது வெறுங்கல், நேர்வழியே பாய்கின்றனர்.

உம்லிங் லாவுக்குச் செல்லும் வழியிலேதான் ஹான்லே உள்ளது. அதைப்பற்றிச் சற்று நின்று கூறவேண்டும். தமிழர்க்கு உறவுள்ள இடம் அது. கொடைக்கானலிலும் காவலூரிலும் வான்நோக்கு நிலையங்களை நடத்தும் இந்திய வானியற்பியல் நிறுவனத்தாரே, ஹான்லேயில் ஏறக்குறைய 14,800 அடி உயரத்தில் இரண்டு மீட்டர் விட்டமுள்ள தொலைநோக்கி ஒன்றை நிறுவினர். 2000-ஆம் ஆண்டில் அது முதன்முதல் வானை நோக்கிற்று. சந்திரா தொலைநோக்கி என்பது அதன் பெயர். சென்னையிற் பயின்ற சுப்பிரமணியன் சந்திரசேகரைக் குறிப்பது. பெங்களூரையடுத்த ஹொசகோட்டையிலிருந்தே துணைக்கோள் வாயிலாக அதனை இயக்குகின்றனர். 2022-ஆம் ஆண்டில் அவ்வூரைச் சூழ்ந்த பகுதி இருள்வானக் காப்பிடமாக அறிவிக்கப்பெற்றது. ஊரார் தம் வீட்டுச் சாளரங்களுக்குத் திரையிட்டனர். விளக்கொளியை நிலத்தை நோக்கித் தாழ்த்தினர். அவருள் சிலர்க்குச் சிறு தொலைநோக்கி அளித்து விண்மீன்களைக் காட்டும் பயிற்சியும் தரப்பெற்றது. மந்தை மேய்த்த பெண்டிர் இப்போது விருந்தினர்க்குச் சனியின் வளையத்தைக் காட்டிப் பொருளீட்டுகின்றனர். நமது அறிவியல், அவருடைய இருள்; இருவர்க்கும் ஊதியம். இத்தகைய ஊருக்குள் இரவு பத்துமணிக்கு முகப்புவிளக்கை முழுதும் எரியவிட்டு நுழைகின்றது ஒரு மோட்டார். தன் வண்டியில் வந்தவன், இருட்டு ஒரு பொருளென்று அறியான். உள்ளூர் ஓட்டுநன் ஊரெல்லைக்கு வருமுன்னரே விளக்கைத் தாழ்த்துகின்றான்.

இனி வாடகை வண்டிப் பூசலுக்கு வருவோம். வெளியூரில் வாடகைக்கு எடுத்துத் தாமே ஓட்டிவரும் கார்களையும் இருசக்கர வண்டிகளையும் லடாக்கின் வாடகை வண்டிச் சங்கத்தார் பாங்கோங், நூப்ரா முதலிய இடங்களுக்குச் செல்லவிடாது பல ஆண்டுகளாய்த் தடுத்துவந்துள்ளனர். வழியில் மறித்துக் கடுமையாய்ப் பேசியதும் உண்டு. இதனை அடாவடி என்று யாத்திரிகர் எழுதுகின்றனர். வழிமறித்தல் முறையன்று என்பதை யானும் ஒப்புவேன். சட்டத்தின் வேலையைச் சங்கம் செய்தலாகாது. எனினும் அவர் குறையில் நீதியுண்டு. அந்நாட்டில் வருவாய்க்குரிய காலம் ஆண்டில் ஐந்து திங்கள். மற்றைய நாளெல்லாம் பனி. அவ்வைந்து திங்களிலே டில்லியிலும் சண்டிகரிலும் உள்ள முதலாளியின் வண்டி வந்து, அவர் சாலையில் ஓடி, அவர் ஏரியருகே நின்று, அவர்க்கு விட்டுச்செல்வது நெகிழிப்புட்டி என்றால், யார்தாம் பொறுப்பர்? சொந்த வண்டியைச் சங்கத்தார் தடுப்பதில்லை. ஆயினும் வாடகை வண்டிக்குச் சொன்ன நியாயம் சொந்த வண்டிக்கும் பெரும்பாலும் பொருந்துகின்றது. அவர் தடுக்கவில்லை என்பதால் நாம் செய்வது நன்றாகிவிடாது. பழைய மேய்ச்சலை விட்டுவந்த கர்னாக்கு இளைஞன் ஓட்டுநனாய் அந்நிலத்திற்குத் திரும்பிச்செல்ல ஒரு வழியுண்டாயின், அவ்வழியில் நம் வண்டியைக் குறுக்கே நிறுத்துதல் எனக்கு ஒவ்வாது.

இதற்கு நண்பர் கூறும் தடைகள் இரண்டு. தாமே ஓட்டினால் விரும்பிய இடத்தில் நிற்கலாம். பிறன் ஓட்டினால் அவன் விரும்பியபடி என்பது ஒன்று. ஓட்டுநனிடம் நிறுத்துக என்றால் நிறுத்துவான். நிறுத்தத் தகாத இடத்தில் மட்டும் மாட்டேன் என்பான். அந்த மாட்டேன் என்பதற்கும் சேர்த்தே அவனுக்குக் கூலி. மேலும் ஓட்டுபவன் காண்பது சாலையில் அடுத்த வளைவும் குழியும் மட்டுமே. மலையைக் காண்பவன் பக்கத்திலிருப்பவன். மொழியோ சொல்லவேண்டுவதின்று. ஜூலே என்னும் ஒரு வணக்கச்சொல்லோடு நம் கல்வி முடிந்துவிடும். அதற்குமேல் ஆட்டின் விலை யாது, பனி எப்போது விழுந்தது, மகன் எங்கே படிக்கின்றான் என்பனவற்றை ஒரு கூடாரத்துள் அமர்ந்து கேட்டறிய, இடையே ஒருவன் வேண்டும். அவனும் அக்கூடாரத்தார்க்கு உறவினனாயிருப்பின் கேட்பதற்குமுன்னரே தேநீர் வரும்.

செலவு மிகும் என்பது இரண்டாவது. மிகும், மறுக்கவில்லை. நால்வர் கூடிப் பகிர்ந்துகொண்டால் தாங்கும். அதுவும் தாங்காதாயின் சாங்தாங்கில் எட்டுநாள் திரிவதை நான்கு நாளாகக் குறைத்துக்கொள்ளலாம். நான்கு ஏரிகளையும் கண்டேன் என்று பட்டியலிடுவதைவிட, கோர்சோக்கில் இரண்டு இரவு தங்கி, காலையில் மந்தை புறப்படுவதும் மாலையிற் பால் கறக்க ஆடுகளைக் கொம்போடு கொம்பு சேர்த்து வரிசையாய்க் கட்டுவதும் காண்பது உயர்ந்தது. பெட்ரோலும் அந்தளவு மிஞ்சும். லேயில் நிறுத்திவைத்த நம் வண்டிக்கும் அந்நான்கு நாட்களில் ஒரு வேலையுண்டு. ஸ்பிதியின் கற்களில் அடிபட்டு வந்த அதன் அடிப்பாகத்தையும் டயர்களையும் லே நகரத்து மெக்கானிக்குகளுள் ஒருவரிடம் காட்டி, திரும்பும் வழிக்குச் செம்மைசெய்து வைக்கலாம். அக்கூலியும் அவ்வூரிலேயே தங்கும்.